முதல் படி பத்து மீட்டர்: நம் வளாகத்தின் மேடும் பள்ளமும்

(சங்கத்தின் காலாண்டுக் கூட்டத்தில் பேசியது. வர முடியாதவர்களுக்காக எழுதித் தரச் சொன்னார்கள். பேசியபடியே தந்திருக்கிறேன்.)



செயலாளர் எனக்குக் கொடுத்திருப்பது இருபது நிமிடம். ரிட்டயர் ஆனவன் கையில் மைக் கிடைத்தால் விடமாட்டான் என்கிற பயம் அவருக்கு. நியாயமான பயம்தான். நான் படித்தது பி.காம். வாழ்நாள் முழுக்க வங்கி கவுண்டருக்குப் பின்னால் உட்கார்ந்து வரவும் செலவும் எழுதியவன். நிலத்தை அளப்பது பற்றிப் பேச இவனுக்கு என்ன தகுதி என்று நீங்கள் கேட்கலாம். ஒரே ஒரு தகுதி உண்டு. நம் முன்வாசல் ராம்ப்பை உயர்த்த மூன்று லட்சத்து எண்பதாயிரம் ரூபாய் கொடுத்தோமே, அந்தக் காசோலையில் பொருளாளர் என்ற இடத்தில் இருப்பது என் கையெழுத்து.

2023 டிசம்பரில் மிக்ஜாம் புயல் வந்தபோது முன்வாசல் வழியாக ஒரு சொட்டுத் தண்ணீர் உள்ளே வரவில்லை. நானும் இன்னும் நாலு பேரும் குடை பிடித்துக்கொண்டு ராம்ப் மேல் நின்று, போட்ட காசு வீண் போகவில்லை என்று பேசிக்கொண்டிருந்தோம். அப்போதுதான் பின்பக்கம் ஜெனரேட்டர் ஓரத்திலிருந்து நம் வாட்ச்மேன் வீட்டம்மா முழங்கால் தண்ணீரில் நடந்து வந்தார். பின்தெருத் தண்ணீர் பின்கேட் வழியாக நுழைந்து, அவர்கள் அறையை நிரப்பிவிட்டு, பேஸ்மென்ட்டுக்குள் இறங்கிக்கொண்டிருந்தது. நம் வண்டிகளுக்கெல்லாம் இன்சூரன்ஸ் இருந்தது. அவர்கள் மகளின் பிளஸ் டூ மதிப்பெண் சான்றிதழ் கட்டிலுக்கடியில் தகரப் பெட்டியில் இருந்தது. அதற்கு நகல் வாங்க அந்தப் பெண் எத்தனை நாள் அலைந்தாள் என்பது எனக்குத் தெரியும். இரண்டு தடவை நானும் கூடப் போனேன்.

அதற்குப் பிறகு எனக்கு ஒரே கேள்விதான். காசோலையில் கையெழுத்துப் போடுவதற்கு முன்பு யாராவது எதையாவது அளந்தார்களா? கோப்பைப் புரட்டினேன். ஒப்பந்தக்காரரின் கொட்டேஷன் இருந்தது. மூன்று புகைப்படங்கள் இருந்தன. அளவு என்று ஒன்றுகூட இல்லை. அவர் கண்ணால் பார்த்துச் சொல்லியிருக்கிறார், நாம் காதால் கேட்டு ஒப்புக்கொண்டிருக்கிறோம். கவுண்டரில் யாராவது ஒரு நோட்டுக் கட்டை நீட்டினால், எண்ணாமல் பெட்டியில் போட்டிருப்பேனா நான்?

நிலத்தின் ஏற்ற இறக்கம் கண்ணுக்குப் பிடிபடாது. நூறு அடிக்கு ஓர் அடி இறங்கும் தரையை நாம் சமதரை என்றுதான் சொல்வோம். தண்ணீர் மட்டும் ஏமாறாது. நம் இடம் மேடவாக்கம், பெயரிலேயே மேடு இருக்கிறது, இங்கே எப்படி சார் தண்ணீர் வரும் என்று பிளாட் விற்கும்போது ஒருவர் சொன்னார். அதையும் நம்பினோம். பள்ளிக்கரணைச் சதுப்பு நிலம் கூப்பிடு தூரத்தில் இருக்கிறது என்பதை யாரும் யோசிக்கவில்லை.

அளக்கலாம் என்று பேச்சை எடுத்ததும் மூன்றாம் மாடித் தம்பி ஒருவர் செல்போனை நீட்டினார். "அங்கிள், இதிலேயே உயரம் காட்டுதே!" அவரோடு வளாகத்தைச் சுற்றினேன். முன்வாசலில் ஓர் உயரம் காட்டியது. அதே இடத்தில் ஐந்து நிமிடம் கழித்து நான்கு மீட்டர் குறைத்துக் காட்டியது. அதற்குள் முன்வாசல் எங்கும் போய்விடவில்லை.

போனைக் குறை சொல்லிப் பயனில்லை. செயற்கைக்கோள்களிலிருந்து வரும் சமிக்ஞையை வைத்துத்தான் அது கணக்குப் போடுகிறது. இடத்தை ஓரளவு சரியாகச் சொல்லிவிடும், உயரத்தில் பல மீட்டர் தடுமாறும். இன்னொரு சிக்கலும் உண்டு. இதைக் கேட்டபோது எனக்கே ஆச்சரியமாக இருந்தது. ஜி.பி.எஸ். நேரடியாகத் தருவது கடல் மட்டத்திலிருந்து உள்ள உயரம் இல்லை. பூமியை லேசாக நசுங்கிய பந்தாக வைத்துக்கொண்டு ஒரு கற்பனைப் பரப்பு வரைந்திருக்கிறார்கள். உயரம் அதிலிருந்துதான் வருகிறது. உண்மையான கடல் மட்டமோ, பூமியின் ஈர்ப்பு இடத்துக்கு இடம் மாறுவதால், அந்தப் பரப்பைவிட ஓரிடத்தில் ஏறியும் ஓரிடத்தில் இறங்கியும் கிடக்கிறது. உலகத்திலேயே அது அதிகமாக இறங்கியிருப்பது இலங்கைக்குத் தெற்கே, இந்தியப் பெருங்கடலில். அங்கே நூறு மீட்டருக்கும் மேல் இறக்கம். அந்தப் பள்ளத்தின் சரிவில்தான் சென்னையும் இருக்கிறது. மெரினாவில் அலையில் கால் நனைய நின்றாலும், திருத்தம் செய்யாத ஜி.பி.எஸ். உயரம் மைனஸ் எண்பது மீட்டருக்கும் கீழே காட்டும். போனில் இருக்கும் செயலி ஓர் அட்டவணையை வைத்து அதைத் திருத்தித்தான் நமக்குத் தருகிறது.

அப்படியானால் செயற்கைக்கோள் வரைபடம்? அதையும் பார்த்தோம். 2000 பிப்ரவரியில் அமெரிக்காவின் எண்டெவர் விண்வெளி ஓடம், 60 மீட்டர் நீளக் கம்பத்தின் நுனியில் இரண்டாவது ரேடார் ஆன்டெனாவைப் பொருத்திக்கொண்டு, 11 நாள் பூமியைச் சுற்றியது. உலக நிலப்பரப்பில் ஏறத்தாழ 80 சதவீதத்தின் உயரம் அதில் பதிவானது. இணையத்தில் இலவசமாகக் கிடைக்கும் உயர வரைபடங்கள் பலவற்றுக்கும் அதுவே அடிப்படை. பிரமாதமான வேலை. ஆனால் அதில் ஒரு கட்டம் என்பது 30 மீட்டருக்கு 30 மீட்டர். நம் ஏ பிளாக் மொத்தமும் ஒரே கட்டத்தில் அடங்கிவிடும். மேலும் ரேடார் பார்ப்பது கட்டடத்தின் மொட்டை மாடியையும் மரத்தின் தலையையும்தான். ஒரு மாவட்டத்துக்கு வெள்ள வரைபடம் போட அது உதவும். பின்கேட்டில் அரை அடி உயர்த்துவதா, ஓர் அடி உயர்த்துவதா என்று அதனிடம் கேட்க முடியாது.

சரி, உயரம் என்றால் எதிலிருந்து உயரம்? ரயில் நிலையங்களில் மஞ்சள் பலகையில் ஊர்ப் பெயருக்குக் கீழே கடல் மட்டத்திலிருந்து இத்தனை மீட்டர் என்று எழுதியிருப்பதைப் பார்த்திருப்பீர்கள். துறைமுகங்களில் கடல் ஏறி இறங்குவதை வருடக்கணக்கில் குறித்து, சராசரி எடுத்து, அதைச் சைபர் என்று வைத்துக்கொள்கிறார்கள். அங்கிருந்து கருவியைத் தூக்கிக்கொண்டு ஊர் ஊராக நடந்து, வழியில் கல் நட்டு, அதில் உயரத்தைப் பதிந்துகொண்டே போகிறார்கள். அந்தக் கல்தான் பெஞ்ச் மார்க். நம் பிள்ளைகள் ஐ.டி. கம்பெனியில் தினம் பத்துத் தடவை சொல்லும் அதே வார்த்தைதான்.

இந்த நாட்டை முறையாக அளந்த பெரிய கதையின் தொடக்கம் நமக்குப் பக்கத்திலேயே இருக்கிறது. 1802 ஏப்ரலில் வில்லியம் லாம்டன் என்ற ராணுவ அதிகாரி, பரங்கிமலைப் பக்கத்தில் தொடங்கித் தெற்கே பெரும்பாக்கம் குன்று வரை, ஏறக்குறைய ஏழரை மைலுக்கு ஒரு நேர்க்கோட்டை அளந்தார். நாம் ஷேர் ஆட்டோவில் போய் வரும் தூரம். அவர் கையில் இருந்தது நூறு அடி நீள எஃகுச் சங்கிலி. அதைத் தரையில் போட்டு இழுத்துக்கொண்டு போகவில்லை. மரத் தொட்டிகளில் கிடத்தி, வெயில் படாமல் நிழல் கட்டி, பக்கத்திலேயே வெப்பமானி வைத்து அளந்தார். ஏன் இவ்வளவு பாடு என்று எனக்குத் தோன்றியது. உட்கார்ந்து கணக்குப் போட்டுப் பார்த்தேன். வெப்பம் பத்து டிகிரி செல்சியஸ் கூடினால் நூறு அடி எஃகு மூன்றரை மில்லிமீட்டர் நீளும். ஒரு சங்கிலிக்கு அது ஒன்றுமில்லை. ஏழரை மைலுக்குச் சேர்த்துப் பார்த்தால் நாலரை அடி! வட்டிக் கணக்கில் ஒரு பைசாப் பிசகு வருடக் கடைசியில் எங்கே போய் நிற்கும் என்று பார்த்தவனுக்கு அந்த மனிதரைப் பிடித்துப்போனது.

அந்த ஒரு கோட்டை வைத்துக்கொண்டு மற்றதையெல்லாம் கோணத்தால் பிடித்தார்கள். ஒரு பக்கமும் இரண்டு கோணமும் தெரிந்தால் முக்கோணத்தின் மற்ற இரண்டு பக்கமும் கிடைத்துவிடும் என்பது பள்ளிக்கூடத்தில் படித்ததுதான். கோணம் அளக்கத் தியோடலைட் என்ற கருவி. அவருடையது அரை டன் எடை. மலை இல்லாத தஞ்சாவூரில் உயரமான இடம் வேண்டுமென்று 1808இல் பெரிய கோயில் விமானத்தின் மேல் அதை ஏற்றப் பார்த்தார்கள். கயிறு அறுந்து, கருவி சுவரில் மோதி நசுங்கியது. லாம்டன் வேறு யாரையும் நம்பாமல் தானே வாரக்கணக்கில் உட்கார்ந்து அதை நிமிர்த்திச் சரி செய்தார். 1823இல் அவர் இறந்த பிறகும் வேலை வடக்கே நகர்ந்துகொண்டே போனது. நூறு மைலுக்கு அப்பாலிருந்து எடுத்த கோணங்களை வைத்துக்கொண்டு, 1852இல் ராதாநாத் சிக்தார் என்ற வங்காளக் கணக்கர் பதினைந்தாம் எண் சிகரம்தான் உலகிலேயே உயரமானது என்று கண்டார். வெளியான உயரம் 29,002 அடி. நாம் எவரெஸ்ட் என்கிறோமே, அதுதான். 2020இல் நேபாளமும் சீனாவும் சேர்ந்து அறிவித்தது 8848.86 மீட்டர். பழைய கணக்கோடு ஒப்பிட்டால் வித்தியாசம் ஒன்பது மீட்டர்தான். அவரும் என்னைப் போல மேஜைக்குப் பின்னால் உட்கார்ந்து கூட்டிக் கழித்தவர் என்பதில் எனக்குக் கொஞ்சம் பெருமை. பேச்சு எங்கேயோ போகிறது, செயலாளர் கடிகாரத்தைப் பார்க்கிறார்.

நம் வளாகத்துக்கு வருகிறேன். முதலில் கொத்தனார் முறை. வீடு கட்டும் இடத்தில் எல்லோரும் பார்த்திருப்பீர்கள், டியூப் லெவல். கண்ணாடி மாதிரித் தெரியும் நீளமான ட்யூப், அதில் தண்ணீர். ஒரு முனையை ஒருவர் பிடிக்க, இன்னொரு முனையை இன்னொருவர் மூலை திரும்பிக் கொண்டுபோனாலும், இரண்டு முனையிலும் தண்ணீர் ஒரே மட்டத்தில் நிற்கும். பிள்ளைகள் தண்ணீரில் நீலக் கலர் கலந்துவிட்டார்கள், பார்க்கச் சௌகரியமாக இருந்தது. ட்யூபுக்குள் ஒரு காற்றுக் குமிழ் சிக்கினாலும் அளவு கெட்டுவிடும். முதல் நாள் அப்படித்தான் கெட்டது. ஏ பிளாக்கைவிட பி பிளாக் இரண்டு அங்குலம் உயரம் என்று வந்து, பி பிளாக்காருக்கு ஒரே குஷி. மறுநாள் குமிழை விரட்டிவிட்டு அளந்தால் இரண்டும் சமம்.

அடுத்த ஞாயிற்றுக்கிழமை, சிவில் இன்ஜினியரான என் தம்பி மகன் ஆட்டோ லெவல் கருவியைக் கொண்டுவந்தான். முக்காலியில் நிற்கும் தொலைநோக்கி, அவ்வளவுதான். அதன் பார்வை எந்தப் பக்கம் திருப்பினாலும் ஒரே மட்டத்தில் போகும். அளவு கோடு போட்ட உயரமான கம்பு ஒன்று, அதற்கு ஸ்டாஃப் என்று பெயர். பள்ளத்தில் கம்பை நிறுத்தினால் பெரிய எண் தெரியும், மேட்டில் நிறுத்தினால் சிறிய எண். கம்பு சாய்ந்திருந்தால் எண் கூடிவிடும். அதனால் அதை மெதுவாக முன்னும் பின்னும் ஆட்டச் சொல்லி, தெரிந்ததில் மிகக் குறைந்த எண்ணை எழுதிக்கொள்ள வேண்டும்.

எழுதும் வேலை எனக்கு. அப்போதுதான் எனக்கு உண்மையிலேயே சந்தோஷம். அது நம்ம டே புக்! கடல் மட்டம் நமக்கு இப்போது தேவையில்லை, நமக்குள் எது உயரம் எது தாழ்வு என்று தெரிந்தால் போதும் என்று, ஏ பிளாக் லிஃப்ட் எதிரே இருக்கும் முதல் கருங்கல் படியை 10.000 மீட்டர் என்று வைத்துக்கொண்டோம். அது ஓப்பனிங் பேலன்ஸ். உயரம் தெரிந்த இடத்தைப் பார்த்து முதலில் படிப்பது பேக் சைட், அதைக் கூட்ட வேண்டும், வரவு. கருவியை இடம் மாற்றுவதற்கு முன் கடைசியாகப் படிப்பது ஃபோர் சைட், அதைக் கழிக்க வேண்டும், செலவு. எல்லாம் முடிந்து, தொடங்கிய படிக்கே திரும்பி வந்து படித்தால் மறுபடி 10.000 வர வேண்டும். வந்தது 9.997. மூன்று மில்லிமீட்டர் உதைத்தது. வங்கியில் மூன்று ரூபாய் உதைத்தால் இரவு ஒன்பது மணி வரை உட்கார வைப்பார்கள். இந்தத் தொழிலில் இவ்வளவு சின்னச் சுற்றுக்கு மூன்று மில்லிமீட்டர் இருக்கலாமாம், சேதமில்லை என்றான் பையன். எனக்கு மனசு ஒப்பவில்லை, கூட்டலை மட்டும் மறுபடி சரிபார்த்தேன். கூட்டலில் தப்பில்லை.

இப்போது எண்களைச் சொல்கிறேன். நீங்களும் எழுதிக்கொள்ளலாம். முன்தெரு நடுச்சாலை 9.525. நாம் உயர்த்திய ராம்ப்பின் உச்சி 9.745. அதாவது சாலையைவிட 22 சென்டிமீட்டர் மேலே. அந்த மட்டில் நம் பணம் வேலை செய்திருக்கிறது. பின்தெரு நடுச்சாலை 9.410. நம் பின்கேட் வாசல் 9.285. பேஸ்மென்ட்டுக்குள் இறங்கும் சரிவின் உதடு 9.350. ஆக, பின்தெருவில் சாலை மறையும் அளவுக்குத் தண்ணீர் நின்றாலே போதும், அது பேஸ்மென்ட் உதட்டைவிட ஆறு சென்டிமீட்டர் உயரத்தில் இருக்கும். ஒவ்வொரு தடவை சாலை போடும்போதும் பழையதைச் சுரண்டாமல் மேலேயே போட்டுப் போட்டு, பின்தெரு உயர்ந்துவிட்டது. நாம் இருந்த இடத்திலேயே தாழ்ந்துவிட்டோம். வளாகத்திலேயே மிகத் தாழ்ந்த தரை 9.200. அது வாட்ச்மேன் அறை வாசல்.

முன்பக்கம் உயர்த்தியதில் இன்னொன்றும் நடந்திருக்கிறது. முன்பெல்லாம் உள்ளே பெய்த மழை கொஞ்சமாவது முன்வாசல் வழியாக வெளியேறும். இப்போது அதுவும் இல்லை. தாம்பாளத்துக்கு ஒரு பக்கம் மட்டும் விளிம்பு தட்டி உயர்த்தியதுபோல ஆக்கிவைத்திருக்கிறோம். நம் மழைநீர்க் குழாய் வெளியே முடியும் வாய் 9.020, அது போய்ச் சேர வேண்டிய பின்தெரு வடிகாலின் அடித்தளம் 9.080. ஆறு சென்டிமீட்டர் மேடேறித் தண்ணீர் போக வேண்டும் என்று எதிர்பார்த்திருக்கிறோம். குழாயில் அடைப்பு என்று இரண்டு முறை ஆள் வைத்துக் குத்தினோமே, அதற்கான பில்லும் கோப்பில் இருக்கிறது. அடைப்பே இல்லை.

எண்ணைச் சொன்னால் எல்லோருக்கும் மனதில் நிற்காது என்று பி பிளாக் மாமி ஒரு யோசனை சொன்னார். பின்தெருச் சாலையின் மட்டம் எதுவோ, அதே மட்டம் நம் வளாகத்துக்குள் எங்கெங்கே வருகிறது என்று கம்பை நகர்த்தி நகர்த்திக் கண்டுபிடித்தோம். கருவியில் 1.270 என்று தெரியும் இடமெல்லாம் ஒரு புள்ளி. மாமியும் அவர் மருமகளும் புள்ளிகளைக் கோலமாவால் சேர்த்தார்கள். வரைபடத்தில் சம உயரக் கோடு என்று போடுகிறார்களே, அது இதுதான். முடித்துவிட்டு நிமிர்ந்து பார்த்தால், கோட்டுக்கு உள்ளே வாட்ச்மேன் அறை, ஜெனரேட்டர், மோட்டார் சுவிட்ச் போர்டு, பேஸ்மென்ட் வாய் எல்லாம் இருந்தன. பக்கத்திலேயே நின்றிருந்த வாட்ச்மேன், "சார், அன்னிக்குத் தண்ணி நின்ன கரை இதேதான்" என்றார். நாங்கள் ஒரு ஞாயிற்றுக்கிழமை முழுக்கச் செலவழித்துக் கண்டுபிடித்தது அவருக்கு முன்பே தெரிந்திருக்கிறது. அவரை நாம் கேட்டிருக்கவில்லை.

இப்போது உங்கள் முன்னால் இருக்கும் விஷயம். முன்வாசலை இன்னும் ஓர் அடி உயர்த்த ஒரு கொட்டேஷன் வந்திருக்கிறது, அடுத்த பொதுக்குழுவில் ஓட்டுக்கு வருகிறது. அதை நிராகரிக்கும்படி கேட்டுக்கொள்கிறேன். பின்கேட்டில் ஒரு மேடு வேண்டும், அதன் உச்சி 9.700க்குக் குறையக் கூடாது. பேஸ்மென்ட் உதட்டுக்கும் அதே உயரத்தில் ஒரு தடுப்பு மேடு. தாழ்ந்த இடத்தில் ஒரு தொட்டியும் பம்பும் வேண்டும், ஏனென்றால் உள்ளே பெய்யும் மழை தானாக வெளியே போகாது என்பது நிச்சயமாகிவிட்டது. சுவிட்ச் போர்டை மேலே தூக்க வேண்டும். வடிகால் மட்டத்தைப் பற்றி, இந்த எண்களோடு, உள்ளாட்சிப் பொறியாளருக்கு மனு எழுதி வைத்திருக்கிறேன். கையெழுத்துக்கு வாசலில் மேஜை போட்டிருக்கிறது.

வாட்ச்மேன் அறையை ஏ பிளாக் தரைத்தளத்தில் இருக்கும் ஸ்டோர் ரூமுக்கு மாற்ற வேண்டும். அங்கே கேரம் போர்டும் பழைய நாற்காலிகளும் இருக்கின்றன என்று சிலர் ஆட்சேபம் சொன்னார்கள். கேரம் போர்டை என் வீட்டுப் பால்கனியில் வைத்துக்கொள்கிறேன். பருவமழைக்கு முன்பு இது ஒன்றாவது முடிந்தாக வேண்டும். மற்றதற்குப் பணம் வேண்டும், இதற்கு ஓர் ஓட்டு போதும்.

கடைசியாக ஒன்று. லிஃப்ட் முன்னால் புதிதாக டைல்ஸ் பதிக்கப் போகிறோம் என்று நோட்டீஸ் ஒட்டியிருக்கிறது. தாராளமாகப் பதியுங்கள். அந்த முதல் கருங்கல் படியை மட்டும் தயவுசெய்து உடைக்காதீர்கள், அதன் மேல் டைல்ஸும் ஒட்ட வேண்டாம். வலது ஓரத்தில் சிவப்புப் பெயின்ட்டில் ஒரு சின்னப் புள்ளி வைத்திருக்கிறேன். அதுதான் நம் பத்து மீட்டர். பின்கேட் வேலை முடிந்ததும் அங்கிருந்துதான் மறுபடி அளந்து, ஒப்பந்தக்காரருக்குப் பணம் கொடுக்க வேண்டும்.